வேட்டித் துணியில் பிழிந்த கோவா

என் மருமகள் என் மகனுக்கு மருந்து வைக்கிறாள் என்று நான் முடிவு கட்டியது ஒரு புதன்கிழமை. காய்ச்சலுக்குக் கொடுக்கிற மருந்தைச் சொல்லவில்லை. புருஷனை முந்தானையில் முடிந்துகொள்வதற்குச் சாப்பாட்டில் கலந்து கொடுப்பார்களே, அந்த இடுமருந்து. வாய்க்கு வந்ததைப் பேசுகிறவள் இல்லை இந்தப் பஞ்சவர்ணம். கண்ணால் பார்த்தேன். பார்த்ததை வரிசையாகச் சொல்கிறேன், அப்புறம் நீங்களே சொல்லுங்கள், எந்தத் தாய்க்குத்தான் சந்தேகம் வராது என்று.

அன்றைக்கு மலையில் கொழுந்து பறித்துக்கொண்டிருக்கும்போதே மழை கொட்டிவிட்டது. அரைநாள் சம்பளத்துக்குப் பேர் போட்டு அனுப்பிவிட்டார்கள். இடுப்பில் கட்டுகிற படங்குச் சாக்கு நனைந்திருந்தது, அதை வாசலில் உதறிவிட்டு உள்ளே போனால், குசினியில் மருமகள் நிரோஷா அடுப்புப் பக்கம் பக்கவாட்டாகத் திரும்பி உட்கார்ந்திருக்கிறாள். கதவு மறைவில் நின்ற என்னை அவள் பார்க்கவில்லை. முட்டைக்கோஸ் என்பார்களே, அந்தக் கோவா முழுசாக ஒன்றைத் தேங்காய் துருவுகிற மாதிரி துருவிக்கொண்டிருந்தாள். சுண்டல் செய்யப் போகிறாள் போலிருக்கிறது என்று நினைத்தேன். துருவியதை ஆவியில் வேக வைத்தாள். ஒரு துணியில் கொட்டினாள். மூட்டையாகக் கட்டி, பல்லைக் கடித்துக்கொண்டு முறுக்கினாள் பாருங்கள், கழுத்து நரம்பெல்லாம் புடைத்தது. உதடு அசைந்தது. என்னவோ எண்ணிக்கொண்டே முறுக்கினாள்.

அப்போதுதான் அந்தத் துணியைப் பார்த்தேன். பச்சைக் கரை. என் மகன் ஜனார்த்தனன் கல்யாணத்துக்குக் கட்டிய வேட்டி. அதைக் கிழித்திருக்கிறாள்!

பிழிந்த தண்ணீரை வாய்க்காலில் கொட்டாமல், பின்னால் இருக்கிற எலுமிச்சைக்கு, அதுதான் தேசிமரத்தடிக்குப் போய்க் கொட்டிவிட்டு வந்தாள். ஒரு முட்டையை உடைத்து ஊற்றினாள். அப்புறம் ஒரு காகிதப் பொட்டலத்தைப் பிரித்து, காய்ந்த இலைத்தூளை மூன்று விரலால் கிள்ளிப் போட்டாள். நாற்பது வருஷமாக இந்த மலையில் புரண்டவள் நான். இங்கே முளைக்கிற எந்த இலைக்கும் அந்த வாசனை கிடையாது.

கட்டிய துணி, முட்டை, பேர் தெரியாத இலை. செய்வினை செய்கிறவன் வேறு என்ன கேட்பான்?

"என்னா புள்ள செய்ற?"

தூக்கிவாரிப் போட்டது அவளுக்கு. பொட்டலத்தைச் சட்டென்று மடித்தாள்.

"பீட்சா மாமி. இவருக்கு."

"பீட்சான்னா மாவுல தானே செய்வாங்க. மாவு எங்க?"

"இது மாவு இல்லாம செய்றது மாமி. மரக்கறியில."

"சரி, எனக்கும் ஒரு துண்டு வையி."

அவள் முகம் ஒரு மாதிரி ஆகிவிட்டது. "ஒங்களுக்கு இது புடிக்காது மாமி. நான் ரொட்டி சுட்டுத் தாறேன்."

கேட்டீர்களா? எனக்குக் கிடையாதாம். அவனுக்கு மட்டும்தானாம்.

என் மகன் எப்படி இருந்தவன் என்று உங்களுக்குத் தெரியாது. கொழும்பில் ஒரு பீட்சா கடையில் மூன்று வருஷம் வேலை செய்தான். மாவு மூட்டையைத் தோளில் தூக்கிக்கொண்டு மாடிப்படி ஏறுவானாம். அங்கேதான் இவளும் மரக்கறி வெட்டுகிற வேலையில் இருந்தாள். இரண்டு பேருக்கும் பழக்கமாகி, தை மாதம் கல்யாணம். இவளுக்கு ஊர் வரக்காப்பொலை பக்கம், ரப்பர் தோட்டம். நான் ஒன்றும் குறுக்கே விழவில்லை. மனதுக்குள் மட்டும் சொல்லிக்கொண்டேன், தெரியாத இடத்துப் பெண் என்று. கல்யாணம் முடிந்து இங்கேயே வந்துவிட்டார்கள். அவன் பக்கத்து டவுன் ஓப்பநாயக்கவில் கபூர் நானாவின் இரும்புக் கடையில் வேலைக்குச் சேர்ந்தான்.

வந்து நாலு மாதத்தில் ஆள் பாதியாகிவிட்டான். இடுப்பு பெல்ட்டில் ஆணியால் இரண்டு ஓட்டை புதிதாகக் குத்தியிருந்தான். கன்னம் ஒட்டிவிட்டது. போத்தல் போத்தலாகத் தண்ணீர் குடித்தான். ஞாயிற்றுக்கிழமை கிரிக்கெட் விளையாடக் கூப்பிட்டால் தட்டிக்கழித்தான். "அலுப்பா இருக்கும்மா" என்பான். இருபத்தொன்பது வயதுப் பிள்ளைக்கு என்ன அலுப்பு? சோறு கேட்டால் அவள் ஒரு அகப்பைதான் போடுவாள். மீதித் தட்டு முழுக்க இலையும் தழையும். நான் இன்னும் ஒரு அகப்பை எடுத்துக்கொண்டு போனால், இவன் அவள் முகத்தைப் பார்ப்பான். அவள் லேசாகத் தலையை ஆட்டுவாள். இவன் கையால் தட்டை மறைத்துக்கொள்வான்.

பெற்றவளுக்கு எப்படி இருக்கும்! அவன் அப்பா கந்தையா மேலே மரம் விழுந்து செத்துப்போனபோது இவனுக்கு ஆறு வயது. ஒற்றை ஆளாக வளர்த்தேன். நான் சாப்பிடாமல் வைத்த ரொட்டியில் வளர்ந்த உடம்பு அது. அது என் கண் முன்னால் கரைகிறது.

அன்றைக்கு அந்தக் கோவா மாவை அவள் ரொட்டிக் கல்லில் வட்டமாகத் தட்டி, மேலே ஒரு தகரத்தை மூடி, தகரத்தின் மேல் சிரட்டைக் கங்கு போட்டாள். மேலும் தணல், கீழும் தணல். சிவந்து வந்ததும் தக்காளிக் குழம்பு தடவி, கறிமிளகாயும் வெங்காயமும் சீஸும் போட்டு மறுபடி மூடினாள். ஜனா கடையிலிருந்து வந்து, கை கழுவிவிட்டு உட்கார்ந்து சாப்பிட்டான். கண்ணை மூடிக்கொண்டு சாப்பிட்டான்.

"கொழும்புல சாப்புட்ட மாதிரியே இருக்கு புள்ள" என்றான்.

"பொய் சொல்லாதீங்க" என்று அவள் சிரித்தாள். அவனும் சிரித்தான். நான் ஒருத்தி அங்கே இருந்ததையே மறந்துவிட்டார்கள்.

அவன் தட்டில் விட்டிருந்த ஓரத்தை எடுத்துப்போய்க் கோழிக்குப் போட்டேன். கோழி கொத்திவிட்டுக் கொக்கரித்துக்கொண்டு போனது. மறுநாள் முட்டையும் போட்டது. எனக்கே கொஞ்சம் வெட்கமாகிவிட்டது. பக்கத்து வீட்டு ஜீவராணியிடம் சொன்னேன். அவள் தலையில் அடித்துக்கொண்டாள்.

"ஏங்கக்கா, ஒங்களுக்குப் புத்தி கெட்டுப் போச்சா? அது ஜனா பேர்ல செஞ்சது. கோழிக்கு எப்படி வேலை செய்யும்? கோழியா அவளுக்குப் புருஷன்?"

நியாயம்தானே?

"கையைப் பாருங்கக்கா. மருந்துல கலக்க ரத்தம் எடுத்திருந்தா கையில தெரியும்" என்றாள் ஜீவராணி.

அன்று சாயந்தரம் அவன் தேத்தண்ணி குடிக்கும்போது கையைப் பிடித்துப் பார்த்தேன். ஐயோ என் சாமி! விரல் நுனியெல்லாம் சின்னச் சின்னப் புள்ளி. ஊசியால் குத்தின தழும்பு. இடது கையில் ஒரு விரல் பாக்கியில்லை.

"என்னாடா இது?"

"கடையில கம்பி குத்திருச்சும்மா" என்று கையை இழுத்துக்கொண்டான். எந்தக் கம்பி ஒவ்வொரு விரலாகப் பார்த்து வரிசையாகக் குத்தும்?

மறுநாள் அவள் குழாயடியில் துணி துவைக்கப் போனதும் அவர்கள் அறைக்குள் நுழைந்தேன். தப்புதான். அப்போது தப்பென்று தோன்றவில்லை. தலையணை உறைக்குள் கை விட்டேன். நாலாக மடித்த தாள் ஒன்று வந்தது. தாள் முழுக்கக் கட்டம். கட்டத்துக்குள் எண். மேலே சிங்கள எழுத்து. நான் சிங்களம் தண்ணீர் மாதிரிப் பேசுவேன், ஆனால் ஒரு எழுத்து வாசிக்கத் தெரியாது. தகட்டில் எழுதுகிற யந்திரமும் இப்படித்தானே இருக்கும்? கட்டம், எண், எழுத்து. அதுவும் அவன் தலை வைக்கிற தலையணைக்குள்!

அடுப்பில் மிலாறு எரிந்துகொண்டிருந்தது. காய்ந்த தேயிலைக் குச்சிதான் எங்களுக்கு விறகு, சடசடவென்று பிடிக்கும். தாளை அதற்குள் போட்டு, சாம்பலாகும்வரை நின்று பார்த்தேன். அவள் வந்து இரண்டு நாள் தலையணையை உதறி உதறித் தேடினாள். என்னிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. திருடிக்குத் தேள் கொட்டின மாதிரி முழிக்கட்டும் என்று நானும் பேசாமல் இருந்தேன்.

மேல் டிவிசனில் பொன்னுத்துரை இருக்கிறார். கோயிலில் பூசை பார்ப்பார், இடுமருந்தும் எடுப்பார், அவரிடம் ஓடினேன். எல்லாவற்றையும் கேட்டுவிட்டுக் கண்ணை மூடினார்.

"மருந்து வயித்துல வேர் புடிச்சிருக்கு தங்கச்சி. அதான் புள்ள காயுது. தின்றதெல்லாம் மருந்துக்குப் போவுது."

"எடுக்க முடியாதாங்க?"

"முடியும். ஆனா ஒன் கையால கொடுக்கணும். பெத்த கை. மூணு வெள்ளிக்கெழமை." ஒரு வேர்ப்பொடியைக் கொடுத்தார். "கசக்கும். நல்ல கித்துள் பாணியில கொழைச்சு, ஒரு கோப்பை நெறைய கொடு. வாந்தி வந்தா பயப்படாத. மருந்து வெளிய வருதுன்னு அர்த்தம். அவ கையால திங்கிறத கொறைக்கணும். ஒன் சாப்பாடு உள்ள போனாத்தான் அவ சாப்பாடு வேலை செய்யாது."

கித்துள் பனையில் எடுக்கிற தித்திப்புப் பாகுதான் கித்துள் பாணி, அதற்கு எங்கள் பக்கத்தில் என்ன பஞ்சம்? சிங்களக் கிராமத்துக்கு இறங்கிப்போய், கலப்படம் இல்லாத பாணி ஒரு போத்தல் வாங்கினேன். கருப்பட்டியும் நாலு உருண்டை வாங்கினேன்.

காலையில் வேலைக்குப் பேர் கொடுக்க நான் பெரட்டுக்குப் போகிற வழியும், ஜனா பஸ்சுக்குப் போகிற வழியும் தேயிலை ஸ்டோர் பக்கம் ரோடு வளைகிற முடக்கு வரைக்கும் ஒன்றுதான். எனக்கு மலைக்கு ரொட்டி சுடும்போது, இரண்டு ரொட்டி கூடுதலாகச் சுட்டேன். நல்ல தடிப்பான கோதுமை மா ரொட்டி. நடுவில் கருப்பட்டியைச் சீவி வைத்து மடித்துக்கொண்டேன். ஒரு போத்தலில் சீனி தூக்கலாகப் போட்ட தேத்தண்ணி. முடக்கில் நிறுத்தி, "சாப்புடு சாமி" என்றேன்.

முதல் நாள் தயங்கினான். "வேணாம்மா, சாப்புட்டுத்தான் வாறேன்."

"என்னாத்த சாப்புட்ட? அவ குடுத்த கோவாவையா?" எனக்கு அழுகை வந்துவிட்டது. "பெத்தவ குடுக்கிறது எறங்காதா ஒனக்கு?"

என் கண்ணீரைப் பார்த்தான். ரொட்டியைப் பார்த்தான். வாங்கினான். அப்புறம் அவன் சாப்பிட்டதை நீங்கள் பார்த்திருக்க வேண்டும்! நாலு நாள் பட்டினி கிடந்தவன்கூட அப்படிச் சாப்பிட மாட்டான். விரலில் ஒட்டிய கருப்பட்டியை நக்கினான்.

"அவகிட்ட சொல்லிறாதீங்கம்மா" என்றான்.

பயம்! பெண்டாட்டிக்கு எவ்வளவு பயந்திருந்தால் தாய் கொடுக்கிற ரொட்டியை ஒளித்துச் சாப்பிடுவான்? எனக்கு இருந்த கொஞ்ச நஞ்சச் சந்தேகமும் போய்விட்டது. அன்றிலிருந்து ஒரு நாள் தவறவில்லை. அவனும் வேண்டாம் என்று சொல்வதை விட்டுவிட்டான். சில நாள் எனக்கு முன்னாலேயே வந்து முடக்கில் நிற்பான்.

வீட்டில் அவள் இன்னும் கெடுபிடி ஆனாள். அந்த ஒரு அகப்பைச் சோறும் அரை அகப்பை ஆனது. பீட்சாவில் சீஸைக் குறைத்தாள், தக்காளியைக்கூட நிறுத்தினாள். கோவாவை இரண்டு தரம் பிழிந்தாள். ராத்திரி சாப்பாட்டுக்கு அவன் அந்தத் தட்டையான வெள்ளை வட்டத்தைப் பிய்த்துத் தின்பதைப் பார்க்கவே எனக்குப் பற்றிக்கொண்டு வரும். அவள் பக்கத்தில் உட்கார்ந்து அவன் முகத்தையே பார்ப்பாள். நான் அவள் முகத்தைப் பார்ப்பேன். என் வைத்தியம் வேலை செய்கிறது, அதுதான் இவள் பதறுகிறாள் என்று நினைத்துக்கொண்டேன்.

முதல் வெள்ளிக்கிழமை ஒரு கோப்பைப் பாணியில் வேர்ப்பொடியைக் குழைத்துக் கொடுத்தேன். "சாமிக்கு வச்சதுடா, மிச்சம் வைக்காத" என்றேன். குடித்தான்.

இரண்டாவது வெள்ளிக்கிழமை குடித்துவிட்டு முடக்கிலேயே வாந்தி எடுத்தான். கல்லில் உட்கார்ந்துவிட்டான். மூச்சு வேகமாக வாங்கியது. எனக்கு என்ன தோன்றியது தெரியுமா? சந்தோஷம். சத்தியமாகச் சொல்கிறேன், சந்தோஷமாக இருந்தது. மருந்து வெளியே வருகிறது என்று மேல் டிவிசன் பக்கம் திரும்பிக் கையெடுத்துக் கும்பிட்டேன். அவன் வாயைத் துடைத்து, தேத்தண்ணியையும் குடிக்க வைத்து பஸ் ஏற்றிவிட்டேன்.

பத்து மணிக்குக் கங்காணி மலைக்கு ஓடி வந்தார். "பஞ்சவர்ணம், ஒன் மகன் கடையில விழுந்துட்டானாம். பலாங்கொடை ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போயிட்டாங்க."

கூடையை அப்படியே போட்டுவிட்டு வீட்டுக்கு ஓடினேன். நிரோஷா முன்னமே போய்விட்டிருந்தாள். நான் சேலை மாற்றிக்கொண்டேன். பாணிப் போத்தலையும் வேர்ப்பொடியையும் பைக்குள் வைத்துக்கொண்டேன். மூன்றாவது தடவை பாக்கி இருக்கிறதே! விழுந்துவிட்டான் என்றால் மருந்து பிடிவாதமாக நிற்கிறது, வெள்ளிக்கிழமை போவதற்குள் ஒரு வாய் கொடுத்துவிட்டால் தீர்ந்துவிடும். பஸ்சில் போகும்போது அதைத்தான் நினைத்துக்கொண்டு போனேன்.

வார்டில் ஜனா கண் மூடிக் கிடந்தான். கையில் சேலைன் ஏறிக்கொண்டிருந்தது. உதடு வெடித்துப்போயிருந்தது. கட்டிலுக்கு ஒரு பக்கம் கபூர் நானா தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றார். இன்னொரு பக்கம் நிரோஷா. அவளை ஒரு நர்ஸ் வாங்கு வாங்கென்று வாங்கிக்கொண்டிருந்தாள்.

"மொனவாத மே மனுஸ்ஸயாட்ட துன்னே?" இந்த மனுஷனுக்கு என்னத்தைக் கொடுத்தாய் என்று கேட்கிறாள். அப்பாடா, இவர்களுக்கும் தெரிந்துவிட்டது என்று நான் பையை இறுக்கிப் பிடித்துக்கொண்டு கிட்டப் போனேன்.

நிரோஷா சிங்களத்தில்தான் பதில் சொன்னாள். மாவு கொடுக்கவில்லை மிஸ், சீனி கொடுக்கவில்லை, சோறுகூட அளந்துதான் போடுகிறேன், ரொட்டிக்குப் பதிலாகக் கோவாவில் செய்து கொடுக்கிறேன் என்றாள். பொய் சொல்லாதே, சீனி ஏறி ரத்தமே பாகாகிவிட்டது, இன்னும் அரைநாள் போயிருந்தால் ஆளே இல்லை என்றாள் நர்ஸ். கிளினிக்கில் எழுதச் சொன்ன கணக்குத் தாள் எங்கே என்று கேட்டாள்.

"காணாமப் போச்சு மிஸ்" என்று நிரோஷா அழுதாள்.

நான் கட்டிலைச் சுற்றி மறுபக்கம் போனேன்.

"என்னா சீனி?" என்று கபூர் நானாவைக் கேட்டேன். "யாருக்குச் சீனி?"

அவர் என்னை விநோதமாகப் பார்த்தார். "ஜனாவுக்குத்தான் அக்கா. நாலு மாசமா இருக்கே. நானும் சீனிக்காரன்தானே. கடையில என்ட மெஷின்லதான் காலையில ரெண்டு பேரும் விரல்ல குத்திப் பாக்குறது. சீனிக்குப் போடுற குளிசையும் கடையிலதான் வச்சிருக்கிறான். நம்பரைப் போன்ல சொன்னா அந்தப் புள்ள எழுதி வச்சுக்கும். இந்த ரெண்டு கிழமையா, பத்துப் பன்னெண்டு நாளா, நம்பர் ஏறிக்கிட்டே போச்சு. நான்கூட இவனைத்தான் ஏசினேன்." என் பக்கம் குனிந்து கேட்டார். "ஒங்களுக்குத் தெரியாதா?"

விரலில் புள்ளி. கட்டத்துக்குள் எண். மாவு இல்லாத ரொட்டி. தண்ணீர் தண்ணீர் என்று அலைந்தது. எல்லாம் ஒரே நேரத்தில் என் தலைக்குள் வந்து நின்றது. சீனி வியாதி எனக்குத் தெரியாததில்லை. எங்கள் லயத்து வரிசை வீடுகளிலேயே மூன்று கிழங்களுக்கு இருக்கிறது. கிழங்களுக்குத்தானே வரும் என்று இருந்தேன்.

நர்ஸ் இன்னும் நிரோஷாவை ஏசிக்கொண்டிருந்தாள். நான் பேசாமல் இருந்திருக்கலாம். யாருக்கும் தெரிந்திருக்காது. தாளும் சாம்பல், முடக்கில் எங்கள் இரண்டு பேரையும் பார்த்த ஆளும் இல்லை. ஒரு நிமிஷம் பேசாமலும் இருந்தேன். அதை மறைக்க மாட்டேன். அந்தப் பெண் யாரோ செய்த குற்றத்துக்குத் தலை குனிந்து நின்றாள். நான் பார்த்துக்கொண்டு நின்றேன்.

அப்புறம் பையைத் திறந்து பாணிப் போத்தலை எடுத்துக் கட்டில் பக்கத்து அலுமாரி மேல் வைத்தேன்.

"மம தமய் மிஸ் துன்னே" என்றேன். நான்தான் கொடுத்தேன்.

நர்ஸ் போத்தலைத் திறந்து மோந்து பார்த்தாள். என்னைப் பார்த்தாள். டாக்டரைக் கூப்பிடப் போனாள். நிரோஷா திரும்பினாள். அடிப்பாள் என்று நினைத்தேன். அடித்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

"எத்தனை நாளா மாமி?"

"ரெண்டு கெழமை."

"தெனமுமா?"

"பாணி ரெண்டு வெள்ளிக்கெழமைதான். ரொட்டியும் கருப்பட்டியும் தெனமும்." பையிலிருந்த வேர்ப்பொடியையும் எடுத்து வைத்தேன். "அந்தத் தாள எரிச்சதும் நான்தான் புள்ள. யந்திரம்னு நெனச்சேன்."

அவள் கட்டில் கம்பியைப் பிடித்துக்கொண்டாள். "நான் கோவாவச் சரியாப் பிழியலையோன்னு நெனச்சேன் மாமி. சீஸ் கூடிப்போச்சோன்னு கொறைச்சேன். தக்காளியக் கொறைச்சேன். சோத்தக் கொறைச்சேன். என் கையாலதான் இவருக்கு ஏறுதுன்னு தெனமும் அழுதேன்."

இவள் குறைக்கக் குறைக்க அவனுக்குப் பசித்தது. பசிக்கப் பசிக்க முடக்கில் வந்து நின்றான். நான் அள்ளி அள்ளிக் கொடுத்தேன்.

மூன்றாம் நாள் ஜனா எழுந்து உட்கார்ந்து பேசினான். பெற்ற தாயிடம் ஏன்டா மறைத்தாய் என்று கேட்டேன். கோபமாகத்தான் கேட்டேன். எனக்குக் கோபப்பட என்ன இருக்கிறது என்றாலும் பழக்கம் விடவில்லை.

"கலியாணம் முடிஞ்சு மூணாங் கெழமை கிளினிக்குல சீனி இருக்குன்னு சொன்னாங்கம்மா" என்றான். "ஒங்ககிட்ட சொல்லியிருந்தா யார் ராசின்னு சொல்லியிருப்பீங்க?"

சொல்லித்தான் இருப்பேன். வந்தவள் ராசி, என் பிள்ளையைப் படுக்க வைத்துவிட்டாள் என்று லயம் லயமாகப் போய்ச் சொல்லியிருப்பேன்.

"அப்ப நீயாவது வேணாம்னு சொல்லியிருக்கலாமேடா. தெரிஞ்சுக்கிட்டே தின்னியே!"

"பசிச்சிச்சும்மா" என்றான். "நீங்களும் அழுதீங்க."

பொன்னுத்துரையின் சட்டையைப் பிடித்து நாலு கேள்வி கேட்கத்தான் மேல் டிவிசனுக்குக் கிளம்பினேன். பாதி மலை ஏறியதும் கால் நின்றுவிட்டது. தினமும் விடியற்காலையில் எழுந்து ரொட்டி சுட்டது அவரில்லையே. திரும்பி வந்துவிட்டேன்.

ஜனா வீட்டுக்கு வந்து இரண்டு கிழமை ஆகிறது. கண்ணில் கொஞ்சம் வெளிச்சம் வந்திருக்கிறது. முடக்கு வழியாக இப்போது நிரோஷாவும் அவனோடு பஸ் வரைக்கும் நடக்கிறாள். காற்று வாங்கவாம். எனக்குத் தெரியாதா எதற்கென்று? என் ரொட்டிப் பொட்டலத்தில் எத்தனை ரொட்டி இருக்கிறது என்று அவள் கண் ஒரு தரம் போய் வரும். கருப்பட்டி இருந்த போணியைக் கழுவிக் கவிழ்த்து அவளே மேலே வைத்துவிட்டாள். ஜீவராணி ஒரு நாள் மெதுவாக ஆரம்பித்தாள், "என்னக்கா, மருமக ஒங்களையே வேவு பாக்குறா?" என்று. "பாக்கட்டும்டி, ஒனக்கென்ன!" என்று எரிந்து விழுந்தேன்.

போன ஞாயிற்றுக்கிழமை நிரோஷா கோவா துருவினாள். வேக வைத்தாள். பச்சைக் கரைத் துணியை எடுத்தாள்.

"குடு புள்ள, நான் பிழியிறேன்" என்றேன்.

அவள் உடனே கொடுக்கவில்லை. என் கையைப் பார்த்தாள். நான் இரண்டு கையையும் விரித்து, முன்னும் பின்னும் திருப்பிக் காட்டினேன். யாரும் கேட்கவில்லை, நானாகத்தான் காட்டினேன். அப்புறம் கொடுத்தாள்.

நாற்பது வருஷம் கொழுந்து பறித்த கை. நான் முறுக்கிய முறுக்கில் ஒரு சொட்டுத் தண்ணீர் மிச்சமில்லை. தண்ணீரைத் தேசிமரத்தடியில் கொண்டுபோய் ஊற்றினேன். வாய்க்காலில் ஊற்றினால் சக்கை போய் அடைத்துக்கொள்ளும், அதற்காகத்தான் மரத்தடியாம். முட்டையை உடைத்தேன். அந்தப் பொட்டலத்தை அவளே எடுத்து என் மூக்குப் பக்கம் நீட்டினாள். கொழும்புக் கடையில் பீட்சாவுக்குப் போடுகிற இலையாம், கூட வேலை செய்த பெண் கொடுத்தனுப்பியதாம். நான் தும்மினேன். கல்லில் தட்டி, தகரத்தை மூடி, சிரட்டைக் கங்கை அள்ளி மேலே பரப்பியதெல்லாம் நான்தான்.

நன்றாகச் சிவந்து வந்தது. எட்டாக வெட்டி, ஒரு தட்டில் வைத்து மகன் முன்னால் கொண்டுபோய் வைத்தேன். வியாதி தெரிந்தபிறகு என் கையால் அவனுக்கு வைக்கிற முதல் நல்ல சாப்பாடு.

ஜனா கையை நீட்டினான். நிரோஷா அவன் மணிக்கட்டைப் பிடித்தாள். ஒரு துண்டில் ஓரத்தைப் பிய்த்துத் தன் வாயில் போட்டுக்கொண்டாள். அவசரப்படவில்லை. இனிப்பு இருக்கிறதா என்று நாக்கில் வைத்துப் பார்த்து, மெதுவாக மென்றாள்.

நான் கோழிக்குப் போட்டுப் பார்த்தவள். தரையைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

அவள் விழுங்கி முடிக்கும்வரை என் மகனும் தட்டில் கை வைக்கவில்லை.